அந்த ரிப்போர்ட்டை யார் படிக்கிறாங்க?

போன மாதம் பனி அள்ளி இடுப்பு பிடித்துக்கொண்ட கதையை எழுதியிருந்தேன். "இதெல்லாம் ஒரு பிரச்சினையா?" என்று வாசகர் ஒருவர் கேட்டிருந்தார். நியாயமான கேள்விதான். இந்த மாதம் எழுதப்போவதைப் படித்துவிட்டு இன்னும் நாலு பேர் அதையே கேட்பார்கள். இருந்தாலும் எழுதித்தான் ஆகணும்.

விஷயம் இதுதான். எனக்கு என் வேலை அலுத்துப்போச்சு. மேனேஜர் நல்லவர். சம்பளம் ஒழுங்காக வருகிறது. யாரும் கத்துவதில்லை. ஆறு வருஷமாக ஒரே வேலை, அவ்வளவுதான். இதை நான் யாரிடமும் சொன்னதில்லை. சொல்ல வைத்தவன் என் அக்கா மகன், வயது பதினாலு.

கனடாவில் ஒன்பதாம் வகுப்புப் பிள்ளை இருக்கும் வீடுகளுக்கு இது தெரிந்திருக்கும். நவம்பர் மாதம் முதல் புதன்கிழமை பிள்ளைகள் பள்ளிக்கூடத்துக்குப் போகாமல், பெற்றோரோ உறவினரோ வேலை பார்க்கும் இடத்துக்குப் போய் ஒரு நாள் முழுக்க உட்கார்ந்து பார்த்துவிட்டு வரணும். 1994-ல் தொடங்கிய ஏற்பாடு. அக்காவுக்கு ஆஸ்பத்திரி லேபில் வேலை, அங்கே பிள்ளைகளை உள்ளே விடமாட்டார்கள். அத்தான் அந்த வாரம் வெளியூரில். அக்கா எனக்குப் போன் போட்டாள்.

"டேய், நீ உன் ஆபீசுக்குக் கூட்டிட்டுப் போடா. அவனும் கம்ப்யூட்டர்தான் படிக்கணும்ங்கிறான். நேர்ல பாத்தா ஒரு ஆர்வம் வரும்."

கென்னடி ஸ்டேஷனில் சப்வே ஏறி, புளோர்-யங்கில் மாறி, கிங் ஸ்டேஷனில் இறங்கினோம். உயரமான கட்டடங்களை அண்ணாந்து பார்த்துக்கொண்டே வந்தான். லிஃப்டில் இருபத்திரண்டாவது மாடிக்குப் போகிறவரை அவன் முகத்தில் அக்கா சொன்ன ஆர்வம் நிஜமாகவே இருந்தது.

என் வேலையைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். பல கம்பெனிகளில் வேலை பார்த்து ஓய்வுபெற்றவர்களுக்கு மாதாமாதம் பென்ஷன் பணம் போடுவதைக் கவனித்துக்கொள்ளும் நிறுவனம் எங்களுடையது. பணத்தைக் கணக்குப் பார்க்கும் பெரிய சிஸ்டம் கோபால் மொழியில் எழுதப்பட்டது. தமிழில் எழுதினால் பக்கத்து வீட்டுக்காரர் பெயர் மாதிரி இருக்கிறது, ஆனால் 1959-ல் உருவாக்க ஆரம்பித்த கம்ப்யூட்டர் மொழி அது. உலகத்தில் எத்தனையோ வங்கிகளும் இன்சூரன்ஸ் கம்பெனிகளும் இன்றைக்கும் அதன் தோளில்தான் நிற்கின்றன. அந்தக் கோபால் ராத்திரி முழுக்க ஓடிவிட்டு விடியற்காலையில் சில கோப்புகளை வெளியே தள்ளும். என் புரோகிராம் அதை எடுத்து மூன்று ரிப்போர்ட் தயாரித்து, ஒரு பட்டியலில் உள்ளவர்களுக்கு மெயிலில் அனுப்பும். அதைப் பழுது பார்த்துப் பராமரிப்பதுதான் ஆறு வருஷமாக என் உத்தியோகம்.

அன்றைக்குக் காலை ஒன்பதரைக்கு வழக்கமான ஸ்டாண்ட்அப் மீட்டிங். பதினோரு பேர் வரிசையாகப் பேசினோம். நேற்று செய்ததையே இன்றும் தொடர்கிறேன், தடை ஒன்றும் இல்லை. பதினோரு பேரும் கிட்டத்தட்ட இதையேதான் சொன்னோம். பிறகு அன்றைய டிக்கெட்டை எடுத்தேன். ஒரு ரிப்போர்ட்டின் தலைப்பில் 'மாகாணம்' என்பதைச் சுருக்கி எழுதியிருந்தார்கள். அதை முழுச் சொல்லாக மாற்றணும். மாற்ற நாலு நிமிஷம் ஆனது. அதைச் சோதிக்க, இன்னொருவர் பார்த்து ஒப்புதல் கொடுக்க, வேறொரு குழுவிடம் தேதி வாங்க என்று மீதி நாள் போனது. உண்மையில் அந்தச் சொல் மாறுவதற்கு இன்னும் ஒன்பது நாள் ஆகும்.

"மாமா, வேர்டுல டைப் பண்ணி மாத்துற மாதிரிதானே இது?" என்றான்.

"அப்படி இல்லடா, இதுல புராசஸ் இருக்கு" என்றேன். சொல்லும்போதே எனக்குக் கூச்சமாக இருந்தது.

நாலு மணிக்குப் பையிலிருந்து ஒரு தாளை எடுத்தான். பள்ளிக்கூடத்தில் கொடுத்த கேள்வித்தாள். என்ன படித்திருக்கிறார், என்னென்ன திறமை வேண்டும், இப்படி வரிசையாகக் கேட்டு எழுதிக்கொண்டான். கடைசிக் கேள்வி: இந்த வேலையில் அவருக்கு மிகவும் பிடித்தது எது?

நான் யோசித்தேன். நிஜமாகவே யோசித்தேன். பிறகு, "அஞ்சு மணிக்கு முடிஞ்சிடும்" என்றேன்.

சிரிப்பான் என்று நினைத்தேன். அவன் அதை அப்படியே எழுதினான். "வேற ஏதாவது மாமா? ரெண்டு வரி எழுதணும்."

"இன்சூரன்ஸ் உண்டு. பல்லுக்கும் சேர்த்து."

அதையும் எழுதிக்கொண்டான்.

திரும்பி வரும்போது சப்வேயில் அவன் கேட்டது ஒன்றே ஒன்றுதான். "மாமா, நீங்க மாஸ்டர்ஸ் படிச்சது இந்த வேலைக்குத்தானா?" குத்திக்காட்டக் கேட்கவில்லை, சந்தேகம் கேட்டான். பழைய தமிழ்ப் புத்தகங்களின் அச்செழுத்தைக் கம்ப்யூட்டரே படிப்பதற்கான புரோகிராம்தான் மாஸ்டர்ஸில் என் ஆய்வு. ராத்திரி ரெண்டு மணிவரை லேபில் கிடந்தவன் நான். அதைச் சொல்ல வாயெடுத்தேன், பிறகு விட்டுவிட்டேன். அதற்குள் கென்னடி ஸ்டேஷன் வந்துவிட்டது.

அன்று ராத்திரி தூக்கம் வரவில்லை. இன்னொன்றையும் இங்கே ஒப்புக்கொள்கிறேன். என் மெயிலில், அனுப்பாத கடிதங்களின் நடுவே, ஒரு ராஜினாமாக் கடிதம் ஒன்றரை வருஷமாக இருக்கிறது. மூன்று வரிதான். சில ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் அதைத் திறந்து பார்ப்பேன், ஒரு கமாவை மாற்றுவேன், மூடிவிடுவேன். இது என் மனைவிக்கே அன்றைக்குத்தான் தெரியும்.

"ஒன்றரை வருஷமா ஏன் எங்கிட்ட சொல்லலை?" என்று கேட்டாள். கோபத்தைவிட வருத்தம்தான் அதில் அதிகம் இருந்தது.

ஏன் சொல்லவில்லை? வெட்கம்தான் காரணம். எங்க அப்பா கும்பகோணத்தில் ஒரு துணிக்கடையில் முப்பது வருஷம் நின்றுகொண்டே வேலை பார்த்தவர். உட்கார்ந்து பார்க்கிற வேலை அலுத்துப்போச்சு என்று அவர் பிள்ளை எந்த வாயால் சொல்வது? இந்த ரெண்டு மூன்று வருஷத்தில் என்னுடன் படித்தவர்களில் எத்தனை பேர் வேலை போய் வீட்டில் இருக்கிறார்கள்! வேலை இருப்பவன் புலம்பினால் சோறு இருக்கிறவன் உப்புக்கு அழுத கதையாகத்தானே ஆகும்? மேலும் எங்கள் வீட்டுக் கடன் அடுத்த வருஷம் புதுப்பிக்க வருகிறது. 2021-ல் வாங்கிய வட்டி இனி கனவில்தான் கிடைக்கும். இதெல்லாம் சேர்ந்து வாயை அடைத்துவிட்டது.

சரி, இது எனக்கு மட்டும் வந்த வியாதியா என்று படித்துப் பார்த்தேன். இல்லை. 1913-ல் ஹென்றி ஃபோர்டு தன் தொழிற்சாலையில் நகரும் பட்டையைக் கொண்டுவந்தார். கார் நகர்ந்து வரும், ஆள் நின்ற இடத்தில் நின்று ஒரே திருகாணியைத் திருகிக்கொண்டிருக்கணும். ஒரு காரின் அடிச்சட்டத்தைப் பூட்டப் பன்னிரண்டரை மணி நேரம் ஆனது போய், கொஞ்ச காலத்தில் 93 நிமிஷத்துக்கு இறங்கியது. ஆனால் ஆட்கள் நிற்கவில்லை. அந்த வருஷம் வேலையை விட்டுப் போனவர்களின் கணக்கு 370 சதவீதம். அதாவது நூறு பேர் செய்கிற வேலைக்கு வருஷத்தில் நானூறு பேர்வரை மாறி மாறிச் சேர்க்க வேண்டியிருந்தது. 1914 ஜனவரியில் ஃபோர்டு ஒரு நாளைக்கு ஐந்து டாலர் சம்பளம் என்று அறிவித்தார். வழக்கமான கூலியைப் போல ரெண்டு மடங்கு. அதன்பிறகு ஆட்கள் தங்கினார்கள். திருகாணி மட்டும் அதே திருகாணிதான். சம்பளம் அலுப்பைத் தீர்ப்பதில்லை, நம் மனசில் அலுப்பு குடியிருக்க வாடகை கொடுக்கிறது. நூறு வருஷத்துக்கு முன்னால் திடகாத்திரமான மனிதர்களே தாங்கமுடியாமல் ஓடியிருக்கிறார்கள் என்று தெரிந்ததும், எனக்கு என்மேல் இருந்த கோபம் கொஞ்சம் குறைந்தது.

அடுத்து ஞாபகம் வந்தவர் அசோகமித்திரன். பிளஸ் டூ படிக்கும்போது சி.பி.எஸ்.இ. ஆங்கிலப் பாடப் புத்தகத்தில் ஜெமினி ஸ்டூடியோ பற்றி அவர் எழுதிய கட்டுரை ஒன்று உண்டு. அப்போது பரீட்சைக்காகப் படித்தது. இப்போது தேடி எடுத்து மறுபடி படித்தேன்.

1931-ல் செகந்திராபாத்தில் பிறந்தவர். அப்பா இறந்தபிறகு, 1952-ல் சென்னைக்கு வந்து எஸ்.எஸ்.வாசனின் ஜெமினி ஸ்டூடியோவில் சேர்ந்தார். அங்கே அவருக்கு என்ன வேலை தெரியுமா? பத்திரிகைகளில் வரும் செய்திகளைப் பல தலைப்புகளில் கத்தரித்து எடுத்து, ஃபைலில் ஒட்டிவைப்பது. நாள் முழுக்க ஒரு சின்ன அறையில் உட்கார்ந்து பேப்பர் கிழிப்பதைப் பார்த்தவர்கள், இவருக்கு வேலையே இல்லை என்று முடிவு செய்துவிட்டார்களாம். அதனால் யார் வேண்டுமானாலும் உள்ளே வந்து மணிக்கணக்கில் பேசிவிட்டுப் போவார்களாம்.

அப்படி வருகிறவர்களில் மேக்கப் துறையில் கடைசிப் படியில் இருந்த ஒருவரும் உண்டு. கும்பலாக ஆட்கள் நடிக்கும் காட்சிகளுக்கு, வாளியில் கரைத்த சாயத்தைப் பிரஷால் எல்லார் முகத்திலும் பூசுவது அவர் வேலை. பேருக்கு 'ஆபீஸ் பாய்', வயது நாற்பதைத் தாண்டியவர். நடிகராகவோ டைரக்டராகவோ பாட்டாசிரியராகவோ ஆகணும் என்று பல வருஷம் முன்னால் ஸ்டூடியோவுக்குள் நுழைந்தவர். தன் திறமையெல்லாம் இந்த இடத்தில் வீணாகிறதே என்று அசோகமித்திரனிடம் வந்து கொட்டுவார். தன் எல்லாக் கஷ்டத்துக்கும் காரணம் கொத்தமங்கலம் சுப்பு என்று அவருக்கு ஒரு தீர்மானம். சுப்பு அந்த ஸ்டூடியோவில் வாசனுக்கு நெருக்கமாக இருந்தவர், கவிஞர், பின்னாளில் 'தில்லானா மோகனாம்பாள்' எழுதியவர்.

பதினேழு வயதில் இதைப் படித்தபோது சிரித்தேன். இப்போது சிரிப்பு வரவில்லை. ஒரே அறை. சலிப்பான வேலை பார்க்கும் ரெண்டு பேர். ஒருத்தர் எப்போதும் மேலே பார்க்கிறார், தனக்குக் கிடைக்கவேண்டிய நாற்காலியில் உட்கார்ந்திருப்பவரைப் பார்க்கிறார். இன்னொருத்தர் எதிரே வந்து நிற்கிற ஆட்களைப் பார்க்கிறார். அப்படிப் பார்த்ததுதான் பிறகு 'கரைந்த நிழல்கள்' என்ற நாவலாகவும், ஜெமினி பற்றிய அந்த நினைவுக் கட்டுரைகளாகவும் வந்தது. சிறுகதைகள் எழுத ஆரம்பித்ததும் அந்த ஸ்டூடியோ காலத்திலேயே.

அவரைப் பெரிய தியாகியாக்க நான் விரும்பவில்லை. 1966-ல் ஜெமினியை விட்டு வெளியே வந்தார், அதன்பின் நிலையான சம்பளம் இல்லாமல் எழுத்தையே நம்பி நடத்திய குடும்ப வாழ்க்கை சுலபமாக இல்லை. 'வேலையை விட்டுட்டு மனசுக்குப் பிடிச்சதைச் செய்' என்று போஸ்டர் ஒட்டுபவர்கள் இந்தப் பகுதியைச் சொல்வதில்லை. எனக்கு அவரிடம் உறைத்தது வேறு விஷயம். ஆறு வருஷமாக நான் அந்த வாளிக்காரராகத்தான் இருந்திருக்கிறேன். லிங்க்ட்இன்னில் எவன் எந்தக் கம்பெனியில் என்னவாக ஆனான் என்று பார்ப்பதுதான் என் பொழுதுபோக்கு. என் பக்கத்து மேசைக்காரருக்கு எத்தனை பிள்ளைகள் என்று எனக்குத் தெரியாது.

மூன்றாவதாக ஒருவர். நாங்கள் இருக்கும் கட்டடத்தில் ஏழாம் மாடியில் ஒரு பெரியவர், யாழ்ப்பாணத்துக்காரர். எண்பதுகளின் கடைசியில் வந்து, கார்களுக்குப் பிளாஸ்டிக் பாகம் செய்யும் ஒரு தொழிற்சாலையில் இருபத்திரண்டு வருஷம் வேலை பார்த்தவர். லாண்டரி அறையில் துணி காய்கிற நேரத்தில் பேசிக்கொண்டிருப்போம். ஒரு நாள் பேச்சுவாக்கில், "ஐயா, உங்களுக்கு அலுப்பா இருந்ததில்லையா?" என்று கேட்டேன். அவர் சிரித்தார்.

"அலுப்பில்லையெண்டு ஆர் தம்பி சொன்னது? ஒரே மெசின். அச்சு மூடும், திறக்கும், சாமானை எடுக்கோணும். நித்திரையிலயும் கை அப்பிடியே போகும். ஆனா ஊரில தங்கச்சி இருந்தவள், பிரச்சினைக்குள்ள. அவளின்ர ரெண்டு பிள்ளையளும் படிக்கோணும். நூறு சாமான் எடுத்தா இவ்வளவு காசு, அதில அவளுக்கு இவ்வளவு எண்டு மனசுக்குள்ள கணக்குப் போட்டுக்கொண்டுதான் நிப்பன். நான் ஆருக்கு வேலை செய்யிறன் எண்டு எனக்குத் தெரியும்." கொஞ்சம் நிறுத்திவிட்டுக் கேட்டார். "உமக்குத் தெரியுமோ?"

குடும்பத்துக்காக என்று சொல்லலாம். உண்மைதான். ஆனால் அவர் கேட்டது அதைவிட நுணுக்கமான கேள்வி என்று பட்டது.

எழுந்து துணியை மடிக்கும்போது அவரே சொன்னார்: "எண்டாலும் ஒண்டு தம்பி. ரெண்டு வேலை செய்தனான். என்ர பிள்ளையள் வளந்ததை நான் காணேல்லை. அது திரும்ப வராது."

அவர் வாழ்க்கையை எடுத்து என் புலம்பலுக்குப் பதிலாக வைப்பது நியாயம் இல்லை. அவர் பட்ட கட்டாயம் எனக்கில்லை. ஆனால் 'ஆருக்கு' என்ற அந்த ஒரு சொல் மனசில் தங்கிவிட்டது. என் மூன்று ரிப்போர்ட்டையும் யார் படிக்கிறார்கள்? ஆறு வருஷத்தில் நான் கேட்டதே இல்லை.

இதைப் பற்றி ஒரு ஆய்வுகூட உண்டு. ஆடம் கிராண்ட் என்ற உளவியல் ஆய்வாளரும் அவருடைய சகாக்களும் 2007-ல் வெளியிட்டது. அமெரிக்கப் பல்கலைக்கழகம் ஒன்றில், பழைய மாணவர்களுக்குப் போன் செய்து நன்கொடை கேட்பவர்கள் ஒரு அறையில் உட்கார்ந்திருப்பார்கள். ஒரே பேச்சைத் திரும்பத் திரும்பப் பேசி, திட்டும் வாங்கும் வேலை. அவர்களில் ஒரு குழுவிடம் மட்டும், அந்த நன்கொடையால் உதவித்தொகை பெற்ற ஒரு மாணவரை அழைத்துவந்து ஐந்து நிமிஷம் பேச வைத்தார்கள். ஒரு மாதம் கழித்துப் பார்த்தால், அந்தக் குழு போனில் செலவழித்த நேரமும் திரட்டிய பணமும் ரெண்டு மடங்குக்கு மேல் கூடியிருந்தது. சம்பளத்தையோ மேனேஜரையோ மாற்றவில்லை. யாருக்காகச் செய்கிறோம் என்று முகம் தெரிந்தது, அவ்வளவுதான்.

மறுநாளே ரிப்போர்ட் போகும் மெயில் பட்டியலை எடுத்தேன். மொத்தம் பதினாலு பேர். அதில் ஆறு பேர் கம்பெனியிலேயே இல்லை. மீதி எட்டுப் பேருக்கும் எழுதினேன்: இந்த ரிப்போர்ட்டை என்ன செய்கிறீர்கள்?

முதல் ரிப்போர்ட், ஏதோ ஒரு தணிக்கைக்காக ஒருவர் கேட்டது. கேட்டவர் ரிடையர் ஆகிவிட்டார். அதன்பிறகு யாரும் திறந்ததில்லை. ரெண்டாவதில் வரும் விவரம் எல்லாம் வேறொரு திரையிலேயே தெரிகிறது, அதனால் வந்ததும் அழித்துவிடுகிறார்களாம். நான் 'மாகாணம்' என்று முழுச் சொல்லாக மாற்றினேனே, அந்த ரிப்போர்ட்தான் இது. படித்தபோது வயிற்றில் என்னவோ செய்தது. ஆறு வருஷத்தில் எத்தனை சாயங்காலம், எத்தனை சோதனை, எத்தனை ஒப்புதல்!

மூன்றாவதுக்கு ஒரே ஒரு பதில் வந்தது, வின்னிபெக் கிளையிலிருந்து ஒரு பெண்மணி. "காலையில் காபி எடுத்துக்கொண்டு நான் முதலில் திறப்பது அதைத்தான். பேசலாமா?"

வீடியோவில் பேசினோம். அந்த ரிப்போர்ட் என்னவென்றால், அனுப்பிய பென்ஷன் பணம் வங்கியிலிருந்து திரும்பி வந்துவிட்டவர்களின் பட்டியல். கணக்கை மூடியிருப்பார்கள், வங்கி மாறியிருப்பார்கள், சிலர் இறந்தே போயிருப்பார்கள். எனக்கு அது வரிசை எண், தொகை, குறியீடு. அவருக்கு ஒவ்வொரு வரியும் ஒரு போன் கால். ஒவ்வொருவரையும் கூப்பிட்டு, புதுக் கணக்கு விவரம் வாங்கி, மறுபடி பணம் போக ஏற்பாடு செய்கிறார்.

"வாடகை ஒண்ணாம் தேதி" என்றார் அவர். "பென்ஷன் திரும்பிப் போனதே சிலருக்கு வாடகை செக் திரும்பும்போதுதான் தெரியும். அதற்கு முன்னால் நான் அவர்களைப் பிடித்துவிடணும்."

பிறகு தயங்கித் தயங்கி ரெண்டு குறை சொன்னார். ரிப்போர்ட்டில் பெயர் இருபது எழுத்தோடு வெட்டுப்பட்டுவிடுகிறது. நீளமான பெயர் வந்தால் யார் என்று தேடவே நேரம் போகிறது. உங்களுக்கும் எனக்கும் தெரியும், யார் பெயரெல்லாம் இருபது எழுத்தைத் தாண்டும் என்று! ரெண்டாவது, போன் நம்பர் அதில் இல்லை. ஒவ்வொன்றையும் வேறு திரையில் தேடி, ஒரு நோட்டுப் புத்தகத்தில் எழுதி வைத்துக்கொண்டு கூப்பிடுகிறார். நாலு வருஷமாக.

"ஏன் யாரிடமும் சொல்லலை?" என்று கேட்டேன்.

"யாரிடம் சொல்வதென்று தெரியவில்லை. இந்த ரிப்போர்ட்டை ஒரு மனிதர்தான் செய்கிறார் என்றே எனக்குத் தெரியாது."

அந்தப் பக்கம் இருந்தவருக்கு நான் ஒரு மெஷின். இந்தப் பக்கம் எனக்கு அவர் ஒரு மெயில் முகவரி.

அந்த ரெண்டு மாற்றத்தையும் நானே டிக்கெட் போட்டு எடுத்துக்கொண்டேன். கோடு எழுத ரெண்டு நாள், வழக்கமான ஒப்புதலுக்கு ரெண்டு வாரம். இந்தத் தடவை அந்தக் காத்திருப்பில் ஒவ்வொரு நாளும் எங்கே நிற்கிறது என்று நானே போய்ப் போய்க் கேட்டேன். மற்ற ரெண்டு ரிப்போர்ட்டையும் நிறுத்திவிடலாம் என்று மேனேஜரிடம் எழுதிக் கொடுத்தேன். "உன் வேலையை நீயே குறைச்சுக்கிறியே?" என்று ஆச்சரியப்பட்டார். பயமாகத்தான் இருந்தது, லே-ஆஃப் காலத்தில் இது புத்திசாலித்தனமா என்று. ஆனால் ஆறு வருஷத்தில் நான் செய்த உருப்படியான வேலை அந்த ரெண்டையும் நிறுத்தியதுதான் என்று தோன்றுகிறது. மிச்சமான நேரத்தில், வின்னிபெக்கில் இருப்பவர் மாதிரி வேறு யாருக்கு என்ன தேவை என்று கேட்டுக்கொண்டிருக்கிறேன்.

எல்லாம் சரியாகிவிட்டதா என்று கேட்டால், இல்லை. ஸ்டாண்ட்அப் மீட்டிங்கில் பதினோரு பேரும் இன்னும் அதையேதான் சொல்கிறோம். சலிப்பு இருக்கிறது. ஆனால் வேலை சலிப்பது வேறு, வேலை பொய்யாகத் தெரிவது வேறு. ரெண்டையும் இத்தனை நாள் போட்டுக் குழப்பிக்கொண்டிருந்தேன். துணிக்கடையில் அப்பாவுக்கும் சலித்திருக்கும். ஆனால் புடவை வாங்கிக்கொண்டு போகிற முகத்தை அவர் தினமும் பார்த்தார்.

சனிக்கிழமை காலையில் ஒன்றரை மணி நேரம் என்று மனைவியிடம் கேட்டு வாங்கியிருக்கிறேன். பழைய அச்செழுத்துப் புரோகிராமை மறுபடி திறந்திருக்கிறேன். பத்து வருஷத்தில் உலகம் எங்கேயோ போய்விட்டது, நான் எழுதிய பாதிக்கு இப்போது வேலையே இல்லை. இருந்தாலும் ஒரு மங்கலான பக்கத்தில் 'ழ' என்ற எழுத்தை அது 'ம' என்று படிக்காமல் சரியாகப் படித்தபோது, சமையலறைவரை கேட்கிற மாதிரி கத்தினேன். அந்தச் சத்தம் எனக்குள் இன்னும் இருக்கிறது என்பதே எனக்கு ஒரு செய்தி.

ராஜினாமாக் கடிதத்தை அழிக்கவில்லை. ஒரு நாள் அனுப்பவும் செய்வேன். ஆனால் எதிலிருந்து ஓடுகிறேன் என்பது மட்டும் தெரிந்து அனுப்பக் கூடாது, எங்கே போகிறேன் என்று தெரிந்து அனுப்பணும். வீட்டுக் கடன் புதுப்பித்தபிறகு ரெண்டு பேரும் உட்கார்ந்து கணக்குப் போடலாம் என்று பேசியிருக்கிறோம். தனியாகச் சுமந்த ஒன்றரை வருஷத்தைவிட, ரெண்டு பேர் பேசிய அரை மணி நேரத்தில் அதன் எடை பாதியானது.

இதைப் படிப்பவர்களில் சிலருக்கு இது தங்கள் கதையாகவே தெரியலாம். உங்களிடம் ரெண்டே விஷயம் சொல்வேன். ஒன்று, நீங்கள் செய்துமுடிக்கும் வேலை கடைசியில் யார் கையில் போய்ச் சேருகிறது என்று ஒரு தடவை தேடிப் பாருங்கள். ஆள் இருந்தால் பேசுங்கள். ஆளே இல்லையென்றால் அதுவும் தெரிந்துகொள்ள வேண்டிய உண்மைதான். ரெண்டாவது, வீட்டில் சொல்லுங்கள். சலிப்பு வேலையோடு நிற்காமல் சாப்பாடு, தூக்கம், பிள்ளைகளோடு விளையாடுவது எல்லாவற்றிலும் ருசி போய்விட்டால், அது வெறும் சலிப்பாக இருக்காது. குடும்ப டாக்டரிடம் போவதற்கு வெட்கப்பட வேண்டாம்.

போன வாரம் அக்கா மகனுக்குப் போன் செய்தேன். "டேய், அந்தக் கடைசிக் கேள்விக்கு இப்ப ஒரு பதில் இருக்கு. எழுதிக்கிறியா?"

"எது மாமா?"

"வேலையில பிடிச்சது எதுன்னு கேட்டியே."

"ஐயோ மாமா, அதை எப்பவோ கொடுத்தாச்சு. மார்க்கும் வந்துடுச்சு." கொஞ்சம் யோசித்துவிட்டுக் கேட்டான். "சரி, சும்மா சொல்லுங்க. என்ன பதில்?"

வின்னிபெக், வாடகை, இருபது எழுத்து எல்லாவற்றையும் சொன்னேன். முழுதாகக் கேட்டான். இந்தத் தடவை எதையும் எழுதிக்கொள்ளவில்லை.

அடுத்த மாதம் பார்ப்போம்.